கள்வனை ஆட்கொண்ட கருணை
(திருமங்கை மன்னன் திருவரலாறு)

பன்னிரு ஆழ்வார்களும் எம்பெருமானுடைய திருவடியை அடைந்த வழிகள் பலவாகும். பூமாலை தொடுத்துச் சமர்ப்பித்து அடைந்தோர் உளர். அரியணையைத் துச்சமென எண்ணி அடைந்தவர் உளர். புளியமரத்தின் அடியில் வாய் திறவாது யோகத்தில் வீற்றிருந்து அடைந்தவர் உளர். ஆயின், இரவில் வழி மறித்துப் பிறர் பொருளைப் பறிக்கப் புகுந்து, பறிக்க வந்த இடத்திலேயே தம்மைப் பறிகொடுத்து அடைந்தவர் ஒருவரே. அவர்தாம் கலியன் என்றும், பரகாலன் என்றும், மங்கை மன்னன் என்றும் வைணவ உலகம் போற்றும் திருமங்கையாழ்வார்.

பிறந்த நாள்தொட்டே தூயராய் விளங்கிய பெரியோர்களின் வரலாறு நமக்கு வணக்கத்தைத் தருகிறது. ஆனால் அஃது எட்டாத உயரத்தில் இருக்கிறதே என்ற ஏக்கத்தையும் உடன் தருகிறது. தவறி நடந்து, பின்பு திருந்தியவருடைய வரலாறோ நம் போன்றோர்க்கும் வழி உண்டு என்ற துணிவைத் தருகிறது. திருமங்கை மன்னனுடைய வரலாற்றை இந்தத் திருக்குடமுழுக்கு நன்னாளில் சிந்திப்பதற்கு மற்றுமொரு காரணமும் உண்டு. திருக்கோயிலுக்குக் கொடுக்கும் பொருள் எத்தகையதாக இருத்தல் வேண்டும் என்னும் வினா, வேறு எந்த ஆழ்வாருடைய வரலாற்றிலும் இத்துணைக் கூர்மையாக எழுவதில்லை.

தோற்றமும் இளமையும்

சோழ வளநாட்டில், சீகாழியை அடுத்த திருவாலி திருநகரிக்கு அண்மையில் உள்ள திருக்குறையலூர் இவருடைய அவதாரத் தலம். கார்த்திகைத் திங்களில் கார்த்திகை நட்சத்திரத்தில் தோன்றினார் என்று குருபரம்பரை நூல்கள் கூறும். பெற்றோர் இட்ட பெயர் நீலன். போர்த்தொழிலிற் சிறந்த மறக்குடியிற் பிறந்த இவருடைய தந்தையார் சோழ மன்னனின் படைத்தலைவர்களுள் ஒருவர். மைந்தரும் வில், வாள், வேல் ஆகியவற்றிலும், குதிரை ஏற்றத்திலும் தேர்ந்து, தந்தையின் பதவியைப் பெற்றார். அவருடைய ஆற்றலைக் கண்டு மகிழ்ந்த மன்னன் ஆலிநாட்டை அவருக்கு அளித்து, திருமங்கை என்னும் ஊரைத் தலைநகராகக் கொண்டு ஆளச் செய்தான். ஆலிநாடன், மங்கை வேந்தன் என்னும் பெயர்கள் அவ்வாறு வந்தவை. பகைவர்க்குக் காலன் போன்றவர் என்பதால் பரகாலன் என்றும் பெயர் பெற்றார்.

இவர் வாழ்ந்த காலம் கி.பி. 8-ஆம் நூற்றாண்டு என்பது ஆராய்ச்சியாளர் பலரின் முடிபு. காஞ்சிப் பரமேச்சுர விண்ணகரத்தைப் பாடிய பதிகத்தில் பல்லவ மன்னன் ஒருவனுடைய போர் வெற்றிகளை இவர் விரித்துரைக்கிறார். அம்மன்னன் இரண்டாம் நந்திவர்மனான பல்லவமல்லன் என்பர். ஆகவே, இவ்வரலாறு வெறுங்கதை அன்று. காலமும் இடமும் உடைய ஒரு மனிதருடைய வாழ்க்கையை அடியாகக் கொண்டது. அதன்மேல் அடியார்களின் பக்தி, பல நூற்றாண்டுகளாக மலர் சூட்டி வந்திருக்கிறது.

நால்வர் துணை

சிற்றரசராக வாழ்ந்த இளமைக் காலத்தில் நீலன் இன்ப நுகர்ச்சியிலும் செருக்கிலும் திளைத்திருந்தார். ஆடல்மா என்னும் குதிரையின் மீது அவர் வருவதைக் கண்டோர் அஞ்சி ஒதுங்குவர். அவரைச் சூழ்ந்து நான்கு துணைவர் இருந்தனர். அவர்களுடைய பெயர்களே அவர்களுடைய தொழிலை உரைக்கும். நீரின்மேல் நடந்து செல்ல வல்லவன் நீர்மேல் நடப்பான். நிழலில் மறைந்து கண்ணுக்குப் புலப்படாது நிற்க வல்லவன் நிழலில் ஒதுங்குவான். பூட்டிய தாழையும் வாயால் ஊதித் திறக்க வல்லவன் தாளூதுவான். எவ்வளவு நேர்மையான வழக்கையும் தன் நாவன்மையால் புரட்டித் தான் தோலாது நிற்பவன் தோலாவழக்கன்.

இந்நால்வரும் படைவீரர் என்பதைக் காட்டிலும், பிறரை ஏமாற்றும் கலையில் வல்லவர் என்பதே பொருந்தும். முதல் மூவரும் கண்ணை ஏமாற்றுவர். நான்காமவனோ அறிவையே ஏமாற்றுவான். பொய்யை மெய்போலப் பேசும் வாய்க்கு முன், திறந்த தாழும் மறைந்த நிழலும் சிறியனவே. இத்தகைய துணைவர்களைப் பெற்ற தலைவனுக்குச் செல்வம் சேர்ப்பது அரிதன்று. நல்வழியில் நிற்பதுதான் அரிது.

பொய்கைக் கரையிற் கண்டெடுத்த குழந்தை

இந்நிலையில் நீலனுடைய வாழ்வைத் திருப்பியது, ஊரும் பேரும் பெற்றோரும் அறியப்படாத ஒரு குழந்தையின் வரவு. திருநாங்கூர்ப் பகுதியில் உள்ள திருவெள்ளக்குளம் என்னும் திருப்பதியில் குமுத மலர்கள் நிறைந்த பொய்கை ஒன்று உண்டு. மகப்பேறு இல்லாத வைணவ மருத்துவர் ஒருவர், அப்பொய்கைக் கரையில் தனித்துக் கிடந்த பெண்மகவைக் கண்டார். யாருடைய குழந்தை என்று கேட்க அங்கு ஒருவரும் இலர். இறைவன் தந்த செல்வம் என்று கொண்டு இல்லம் சேர்த்து, குமுத மலரிடையே கிடைத்தமையால் குமுதவல்லி எனப் பெயரிட்டு வளர்த்தார். அவள் சாபத்தால் மண்ணுலகிற் பிறந்த தெய்வ மகள் என்று குருபரம்பரை கூறும்.

நம் நாட்டில் பெண் கேட்டுச் செல்வோர் முதலில் விசாரிப்பது குலத்தையும் குடிப்பிறப்பையும் அன்றோ? குமுதவல்லிக்கோ சொல்லத்தக்க குலம் ஏதும் இல்லை. மருத்துவருடைய அன்பும், அவர் ஊட்டிய திருமால் பக்தியும் தவிர அவளுக்கு வேறு சீதனமும் இல்லை. ஆயினும் அவளுடைய அழகையும் குணத்தையும் கேள்வியுற்ற ஆலிநாடன், தாமே மருத்துவர் இல்லத்திற்கு வந்து பெண் கேட்டார். பொன்னும் மணியும் ஆடையும் கொண்டுவந்து குவித்தார். மருத்துவர் மகளுடைய விருப்பத்தை வினவினார்.

அந்தப் பெண் பொன்னை ஏறிட்டும் பார்த்தாளில்லை. திருவிலச்சினையும் திருமண்காப்பும் உடைய வைணவர் அல்லாத ஒருவருக்கு வாழ்க்கைப்படுவதில்லை என்று உறுதியாக உரைத்தாள். படையோடு வந்தவன் வலிந்து கொண்டு செல்லக் கூடும் என்ற அச்சம் அவளிடத்தில் இல்லை. நாடாளும் தலைவன் முன், பொய்கைக் கரையிற் கிடந்த குழந்தை தன் நெறியை வைத்துப் பேசியது. எதிர்த்தவரை வாளால் வென்றும், வெல்ல இயலாதவரைச் சூழ்ச்சியால் வென்றும் பழகிய நீலன், வாளும் சூழ்ச்சியும் செல்லாத ஓரிடத்தை அன்றுதான் கண்டார்.

உடனே திருநறையூர் சென்று, நம்பியின் திருமுன்பு நின்று வேண்டினார். அப்பெருமானே ஆசாரியனாக நின்று திருவிலச்சினை அருளினான் என்பது வரலாறு. நறையூர் நம்பிக்கு இவர் பிற்காலத்தில் 100 பாசுரங்கள் பாடியதற்கு இந்த நன்றியே காரணம் என்று பெரியோர் கூறுவர். பன்னிரு திருமண் துலங்கத் திரும்பி வந்தவரிடம் குமுதவல்லி மற்றுமொரு வேண்டுகோள் விடுத்தாள். ஓராண்டுக் காலம் நாள்தோறும் 1008 அடியார்களுக்கு அமுது செய்வித்து, அவர்களுடைய திருவடித் தீர்த்தத்தைப் பெற வேண்டும் என்றாள். நீலன் இசைந்தார்; திருமணமும் நிறைவேறியது.

முதல் நிபந்தனை உடம்பில் அடையாளத்தை ஏற்றது. இரண்டாவது நிபந்தனை கையைப் பழக்கியது. அதுவரை வாங்கியே பழகிய கை, அன்றுமுதல் கொடுக்கத் தொடங்கிற்று. எனினும் உள்ளம் முழுமையும் மாறிவிட்டது என்று சொல்வதற்கில்லை. அதற்கு மற்றொரு சந்திப்பு எஞ்சி நின்றது.

கப்பப் பொருளும் காஞ்சிப் புதையலும்

நாள்தோறும் 1008 பேருக்கு அன்னமிடுவது எளிய செயல் அன்று. ஆண்டு முழுவதற்கும் கணக்கிட்டால் மூன்றரை இலட்சத்திற்கு மேற்பட்ட இலைகள் ஆகும். ஆலிநாட்டின் வருவாய் அதற்குப் போதவில்லை. சோழனுக்குச் செலுத்த வேண்டிய கப்பப் பொருளையும் ஆலிநாடன் அன்னதானத்தில் செலவிட்டார். பொருள் கேட்டு வந்த ஏவலரிடம் இன்று நாளை என்று தவணை கூறினார். பின்னர் அவர்களை விரட்டவும் செய்தார்.

மன்னன் படை அனுப்பினான், அப்படை தோற்றது. மன்னன் தானே வந்தான். அவருடைய வீரத்தைப் புகழ்ந்து பேசி, நயமாக அருகழைத்து, கப்பப் பொருள் தீரும்வரை அமைச்சன் காவலில் வைத்தான். சூழ்ச்சியில் வல்லவரே சூழ்ச்சியால் அகப்பட்டார். அங்கிருந்த திருமால் கோயிலொன்றில், அமுதின்றி மூன்று நாள் சிறையிருந்தார். தாம் பசித்திருந்தது அவருக்குப் பெரிதாகப் படவில்லை. அடியார்களின் இலை வெறுமையாகக் கிடக்கிறதே என்று வருந்தினார்.

அப்போது காஞ்சிப் பேரருளாளன் கனவில் தோன்றி, வேகவதி ஆற்றங்கரையில் புதையல் இருப்பதை உணர்த்தினான். காவலருடன் காஞ்சி சென்று குறிப்பிட்ட இடத்தில் அகழ்ந்து, பொருளைப் பெற்றுக் கடனைத் தீர்த்தார். உண்மை உணர்ந்த சோழன் மனம் நெகிழ்ந்து, அப்பொருளை அடியார் அமுதுக்கே பயன்படுத்துமாறு அளித்தான் என்பர்.

வழிப்பறி

காஞ்சிப் புதையலும் ஒருநாள் தீர்ந்தது. ஆனால் பந்தியில் அமரும் அடியார் கூட்டம் தீரவில்லை. மேற்கொண்ட விரதத்தை விட மனமில்லாத ஆலிநாடன், தாம் நன்கறிந்த பழைய வழிக்கே திரும்பினார். நால்வர் துணையுடன் வழியில் மறைந்திருந்து செல்வரைக் கொள்ளையிட்டு, வந்த பொருளால் அன்னதானத்தை நடத்தினார்.

இங்கே நாம் சற்று நின்று சிந்தித்தல் வேண்டும். அவர் பறித்த பொருளில் தமக்கென ஒரு காசும் வைத்துக்கொள்ளவில்லை. நோக்கம் தூயது, அடியாரின் பசி தீர்ந்தது. ஆயினும் பறிகொடுத்தவனுடைய கண்ணீரை யார் துடைப்பது? அவனும் எம்பெருமானுடைய குடிமகன் அல்லனோ? ஓர் அடியாரின் இலையில் விழும் சோறு, மற்றொருவருடைய வீட்டு அடுப்பை அவித்து வந்ததாயின், அஃது எம்பெருமானுக்கு உகப்பாகுமோ? அக்காலத்தில் ஆலிநாடனுக்கு இவ்வினாக்கள் எழவில்லை. நல்ல காரியம் செய்கிறோம் என்னும் நினைவு ஒரு திரையாக நின்று, செய்யும் தீமையை அவர் கண்ணுக்கு மறைத்தது. கொடியவனுடைய களவைக் காட்டிலும் நல்லவனுடைய களவு திருத்துதற்கு அரிது. ஏனெனில் அவன் தன்னைக் கள்வன் என்று எண்ணுவதில்லை. அத்திரையைக் கிழிக்க மனிதரால் இயலாது. ஆகவே எம்பெருமானே எழுந்தருள வேண்டியதாயிற்று.

திருவரசின் அடியில்

ஒரு பங்குனி இரவு. புதிதாக மணம் முடித்த அந்தண இளைஞன் ஒருவன், மணப்பெண்ணுடனும் சுற்றத்தாருடனும் அணிமணிகள் பூண்டு அவ்வழியே வந்தான். திருவாலிக்கு அண்மையில், இன்று திருமணங்கொல்லை என வழங்கும் இடத்தில், ஓர் அரச மரத்தின் அருகே ஆலிநாடன் வாளுடன் மறித்தார். மணமக்களும் சுற்றத்தாரும் எதிர்ப்பு ஏதுமின்றி நகைகளைக் கழற்றிக் கொடுத்தனர். எல்லாம் வந்தபின்னும் மணமகனுடைய திருவடி விரலில் ஓர் அணி எஞ்சி நின்றது. கையாற் கழற்ற வரவில்லை. அதையும் விட மனமின்றி, ஆலிநாடன் நிலத்திற் குனிந்து, தம் பல்லாற் கடித்து அதை வாங்கினார்.

கள்வனுடைய தலை எம்பெருமான் திருவடியிற் பட்டது அந்தக் கணத்தில்தான். வணங்குதற்காகக் குனிந்தவர் அல்லர், திருடுதற்காகக் குனிந்தார். அக்குனிவையும் வணக்கமாக ஏற்றுக்கொண்டது அத்திருவடி. இவருடைய மிடுக்கைக் கண்டு உவந்த மணவாளன், நம் கலியனோ என்று திருவாய் மலர்ந்து அழைத்தான் என்றும், கலியன் என்னும் திருநாமம் அன்று வந்ததென்றும் கூறுவர்.

பறித்தவற்றை மூட்டையாகக் கட்டித் தூக்க முயன்றார், மூட்டை அசையவில்லை. நால்வரும் சேர்ந்து முயன்றும் பயனில்லை. நீரின்மேல் நடப்பவனும், தாழை ஊதித் திறப்பவனும் ஒரு சிறு மூட்டையின் முன் தோற்று நின்றனர். மணமகன் ஏதோ மந்திரம் செய்து மூட்டையை நிறுத்திவிட்டான் என்று ஐயுற்ற ஆலிநாடன், வாளை ஓங்கி, அம்மந்திரத்தை உடனே சொல்லுமாறு அதட்டினார். மணமகன் முறுவலித்து, அருகில் வருமாறு பணித்து, அவருடைய வலச்செவியில் எட்டெழுத்துத் திருமந்திரத்தை உபதேசித்தான்.

முனிவர்கள் பல்லாண்டு தவமிருந்து வேண்டிப் பெறுவதை, இவர் வாளைக் காட்டி மிரட்டிப் பெற்றார். தோலாவழக்கனும் வாதாட இயலாத ஓர் உண்மை செவி வழியே நெஞ்சிற் புகுந்தது. கண் திறந்து நோக்க, மணமகன் இருந்த இடத்தில் கருடன்மேல் திருமகளுடன் எம்பெருமான் காட்சி தந்தான். வாள் கையிலிருந்து நழுவிற்று. மூட்டை அங்கேயே கிடந்தது. அதை எடுப்பார் இல்லை.

தம்மைத் தாமே கண்ட பாசுரங்கள்

அந்நிலையில் ஆழ்வார் பாடத் தொடங்கியதே பெரிய திருமொழி. அதன் முதற்பத்தின் முதல் திருமொழியில், நாராயணன் என்னும் திருநாமத்தைத் தாம் கண்டுகொண்ட மகிழ்ச்சியை அவர் பாட்டுத்தோறும் கூறுகிறார். அதே திருமொழியில் தாம் கள்வனாக இருந்ததையும், வஞ்சனை செய்து வாழ்ந்ததையும், மனம் போனபடி திரிந்ததையும் ஒளிக்காமல் உரைக்கிறார். ஆராய்ச்சியாளரும் பக்தரும் இங்கே ஒருமுகமாக நோக்கத்தக்கது ஒன்று உண்டு. கள்வர் என்ற பெயரை ஆழ்வாருக்குப் பிறர் சூட்டவில்லை; அவரே தமக்குச் சூட்டிக்கொண்டார்.

நைமிசாரணியத்தைப் பாடும்போது, சூதைப் பெருக்கிக் களவில் துணிந்த வாழ்வையும், பசியால் வாடி இரந்தவர்க்கு இல்லை என்று மறுப்பவர்களுக்கு வரும் துன்பத்தையும் நினைந்து நடுங்குகிறார். திருவேங்கடத்தின் முன் நின்று, அறியாத இளமையிற் செய்த தீமைகளையும், பல உயிர்களைக் கொன்றதையும், இரந்து வந்தவரிடம் ஒருநாளும் இனிய சொல் சொல்லி அறியாமையையும் கூறிப் புலம்புகிறார். நாள்தோறும் ஆயிரத்து எட்டுப் பேருக்கு அமுது படைத்தவர், இரந்தவரிடம் இன்சொல் கூறவில்லையே என்று வருந்துவதன் பொருள் என்ன? இலை போட்டோம் என்று அவர் கணக்குக் காட்டவில்லை. கொடையின் எண்ணிக்கை அவருடைய நாவில் ஓரிடத்தும் வரவில்லை. கொடுக்கும்போது இருந்திருக்க வேண்டிய நெஞ்சைத்தான் தேடுகிறார்.

திருவரங்கத்துப் பதிகம் ஒன்றில், வேடனான குகனைத் தாழ்ந்தவன் என்று தள்ளாமல் தோழனாகவும் தம்பியாகவும் கொண்ட இராமபிரானுடைய அருளை எடுத்துரைத்து, அவ்வருளையே நம்பித் தாம் வந்து அடைந்ததாகக் கூறுகிறார். பெற்றோர் அறியாத குழந்தையை மகளாகக் கொண்ட மருத்துவரும், வேடனைத் தம்பியாகக் கொண்ட பெருமானும் ஒரே அருளின் இரு வடிவங்கள் என்று அவர் உணர்ந்திருத்தல் கூடும்.

திருமதில் கைங்கர்யமும் ஓர் ஐயமும்

ஆழ்வாருடைய கைங்கர்யங்களுள் தலையாயது திருவரங்கத்துத் திருமதிற் பணி. அவர் எடுப்பித்த திருச்சுற்று ஆலிநாடன் திருவீதி என இன்றும் வழங்குகிறது. மதில் எழுப்பும்போது, தொண்டரடிப்பொடியாழ்வார் பூப்பறித்து மாலை கட்டும் இடம் குறுக்கிட்டது. அதை இடிக்காமல் மதிலை ஒதுக்கிக் கட்டினார் என்பது திருவரங்க மரபு. ஒரு காலத்தில் வழிப்போக்கர் எவரையும் விடாத கை, மற்றோர் அடியாருடைய சிறு நந்தவனத்திற்கு ஒதுங்கி நின்றது.

ஆயினும் இப்பணிக்குப் பொருள் தேடியதாக வேறு சில கதைகளும் குருபரம்பரையில் உள்ளன. நாகப்பட்டினத்துப் பொன் புத்தர் திருவுருவத்தைக் கவர்ந்துவந்து உருக்கியது ஒன்று. பாக்கு ஏற்றிய மரக்கலத்தில் வந்தபோது, பிளந்த பாக்கு ஒன்றில் பாதியைக் கலத்தில் வைத்து, பாதிப் பாக்குத் தமக்கு உரியது என்று வணிகனிடம் ஓலை எழுதி வாங்கி, கரை சேர்ந்ததும் கலத்தின் பாக்கிற் பாதியைக் கேட்டது மற்றொன்று. கூலி கேட்ட தொழிலாளரைக் கொள்ளிடத்தில் மூழ்கச் செய்து வீடுபேறு அளித்தார் என்பது இன்னொன்று.

திருமந்திரம் பெற்ற பின்னும் வஞ்சனை தொடர்ந்ததா என்று அன்பர் சிலர் மனம் கலங்குவதுண்டு. அவர்கள் இரண்டு செய்திகளை நினைவிற் கொள்ளுதல் நலம். இக்கதைகளை விரித்துரைக்கும் ஆறாயிரப்படி குருபரம்பரை, ஆழ்வார் காலத்திற்கு ஏறத்தாழ 500 ஆண்டுகள் பிற்பட்ட 13-ஆம் நூற்றாண்டைச் சேர்ந்தது. ஆழ்வாருடைய சொந்தப் பாசுரங்களிலோ களவைப் பற்றிய பெருமிதம் இல்லை, வருத்தமே உண்டு. அரங்கனுக்காக எதையும் செய்யத் துணிந்தவர் என்னும் பக்திப் பெருக்கைக் காட்டவே பிற்காலத்தார் இவற்றைப் போற்றினர். அப்பெருக்கை வணங்குவோம், செயலைப் பின்பற்றுதற்குரிய விதியாகக் கொள்ளாதிருப்போம். பிற சமயத்தார் போற்றும் திருவுருவமும், உழைத்தவனுடைய கூலியும் நாம் கைவைக்கத் தக்கவை அல்ல. கோயிற் பணியில் வியர்வை சிந்தும் சிற்பிக்கும் கொத்தனுக்கும் உரிய கூலி உரிய நாளிற் சேர்வதும் கைங்கர்யத்தின் ஓர் அங்கமே.

திருப்பதி யாத்திரையும் திருநாட்டுப் பேறும்

ஆழ்வார் பின்பு வடக்கே வதரி, சாளக்கிராமம் முதலாகத் தெற்கே திருக்குறுங்குடி ஈறாகத் தலயாத்திரை செய்தார். ஆழ்வார்களுள் மிகுதியான திருப்பதிகளைப் பாடியவர் இவரே. எண்பதுக்கும் மேற்பட்ட திருப்பதிகள் இவருடைய பாடல் பெற்றன. பெரிய திருமொழி, திருக்குறுந்தாண்டகம், திருவெழுகூற்றிருக்கை, சிறிய திருமடல், பெரிய திருமடல், திருநெடுந்தாண்டகம் என்னும் ஆறும் இவர் அருளிய பிரபந்தங்கள். நம்மாழ்வாருடைய நான்கு பிரபந்தங்களை வேதமாகவும், இவருடைய ஆறினை அவ்வேதத்தின் ஆறு அங்கங்களாகவும் ஆசாரியர்கள் போற்றுவர். நம்மாழ்வாருடைய திருவாய்மொழியை அரங்கன் திருமுன்பு ஓதுதற்குரிய விழாவை ஏற்படுத்தியவரும் இவரே என்பது கோயில் மரபு. தம் பாட்டைக் காட்டிலும் பிறர் பாட்டுக்கு விழா எடுத்த உள்ளம் அது.

இறுதியில் திருக்குறுங்குடியில் நம்பியின் திருவடி சேர்ந்தார். திருநகரிக் கோயிலில் குமுதவல்லி நாச்சியாருடன் ஆழ்வார் எழுந்தருளியிருக்கும் கோலம் காணக் கண் கோடி வேண்டும். தாயும் தந்தையும் அறியப்படாத குழந்தை, நாச்சியார் என்ற பெயருடன் இன்று பூசை கொள்கிறாள். தை அமாவாசைக்கு மறுநாள் திருநாங்கூரில் 11 எம்பெருமான்களும் கருடன்மேல் எழுந்தருள, ஆழ்வார் அவர்களை எதிர்கொண்டு மங்களாசாசனம் செய்கிறார். திருவரங்கத்தில் இராப்பத்து எட்டாம் நாள் வேடுபறி விழா நடைபெறுகிறது. கள்வனாக வந்து நின்ற நிலையை மறைக்காமல், அதையே விழாவாகக் கொண்டாடுகிறது நம் மரபு. திருந்தியவனுடைய பழைய குற்றத்தைச் சுட்டி இகழ்வதற்காக அன்று. குற்றமுடையவனையும் தேடிவரும் அருளைப் பாடுவதற்காகவே.

நமக்கு உரிய பாடம்

காவிரியன்னை தமிழ்நாட்டிற்குள் வந்து, ஒகேனக்கல்லில் அருவியாய் வீழ்வது நம் தருமபுரி மாவட்டத்தில். அந்நீரே அரங்கனைச் சூழ்ந்து, ஆழ்வார் பிறந்த சோழநாட்டை வளப்படுத்திக் கடல் சேர்கிறது. தகடூர் என்னும் பழம்பெயர் கொண்ட இந்நாட்டை ஆண்டவன் அதியமான் நெடுமான் அஞ்சி. அரிதிற் கிடைத்த நெல்லிக்கனியைத் தான் உண்ணாமல் ஔவைக்கு ஈந்த பெருவள்ளல் அவன். அவன் பெயர் தாங்கிய அதியமான்கோட்டையில் சென்றாயப் பெருமாள் எழுந்தருளியிருக்கிறார். அக்கோயிலின் விதானத்தில் இதிகாசக் காட்சிகள் பழைய வண்ண ஓவியங்களாகத் திகழ்கின்றன.

அதியமான் கொடுத்தது ஒரு கனி. ஆனால் அது முழுவதும் அவனுடையது. ஆலிநாடன் முதலிற் கொடுத்தது ஆயிரக்கணக்கான இலைச் சோறு. ஆனால் அது பிறருடையது. எம்பெருமான் அந்த அன்னதானத்தை மெச்சி நின்றுவிடவில்லை. தானே மணமகனாய் வந்து, தன் அணிகளையும் பறிகொடுத்து, அவ்வன்பரைத் திருத்திய பின்னரே பாட வைத்தான். பொருளின் அளவு சிறிதாயினும், நேர்வழியில் ஈட்டிய ஒரு பிடி நெல், ஒரு குடம் பால், ஒரு நாள் உழைப்பு ஆகியவை கோபுரக் கலசத்தின் பொன்னுக்குக் குறைந்தவை அல்ல. நம்முள் எவரேனும் தவறான வழியிற் பொருள் சேர்த்திருப்பின், அதிற் பாதியைக் கோயிலுக்குக் கொடுத்து மனத்தைத் தேற்றிக்கொள்ள வேண்டா. உரியவர்க்கு உரியதைச் சேர்த்துவிட்டு, வெறுங்கையுடன் வந்து நின்றாலும் திருக்கதவு திறந்தே இருக்கும்.

கேட்பாரற்றுக் கிடக்கும் குழந்தைகள் இன்றும் உளர். திருவெள்ளக்குளத்து மருத்துவர் கண்டெடுத்ததுபோல் அவர்களை எடுத்து ஆதரிப்பார் வேண்டும். எந்தக் குழந்தையின் வாயிலாக எந்தக் குடும்பத்திற்கு, எந்த ஊருக்கு நல்வழி பிறக்கும் என்பதை எம்பெருமான் ஒருவனே அறிவான்.

மங்கை மன்னனை ஆட்கொண்ட வயலாலி மணவாளனுடைய திருவருளால், இத்திருப்பணியில் ஈடுபட்ட அன்பர்களும், பொருளுதவிய செல்வர்களும், உடலுழைப்பு நல்கிய தொழிலாளர்களும் எல்லா நலமும் பெற்று நெடிது வாழ்வார்களாக. கலியன் திருவடிகளே சரணம்.